ஒரு நொடி என்றால் ஒரு முழம்

2023 ஜூன் 9 (கேள்வி)

என் அக்கா மகள் விஷுவல் கம்யூனிகேஷன் பட்டம் முடித்துவிட்டாள். எடிட்டராகத்தான் போவேன் என்று ஒற்றைக் காலில் நிற்கிறாள். எனக்குத் தெரிந்தவரை எடிட்டிங் என்பது எடுத்த படத்தில் வேண்டாததை வெட்டி எறிவது. மூன்று மாதம் மென்பொருள் கற்றுக்கொண்டால் போதும் என்கிறார்கள். அந்த வேலையையும் இனிக் கணினியே பார்த்துக்கொள்ளுமாம். இதை நம்பி ஒரு பெண் இறங்கலாமா? துறையில் இருந்தவர்கள் யாராவது சொல்லுங்கள்.

ஜூன் 9, இரவு 11.20

இருந்தவன் நான். 1986 முதல் 2019 வரை. முதல் பத்து வருடம் சினிமா, மீதி தொலைக்காட்சி. வேண்டாததை வெட்டுவதுதான் எடிட்டிங் என்றால் காய் நறுக்குவதுதான் சமையல். டைட்டிலில் 'படத்தொகுப்பு' என்று போடுகிறார்கள். 'பட வெட்டு' என்று எங்காவது பார்த்திருக்கிறீர்களா?

கண் எரிகிறது. நாளை எழுதுகிறேன்.

ஜூன் 10, காலை 6.15

நேற்றைய பதிலில் கொஞ்சம் காரம் கூடிவிட்டது. ஆனால் 'தொகுப்பு' என்ற சொல்லை விடப்போவதில்லை. நம் ஊரில் தொகுக்கும் வேலைக்கு ஆயிரம் வருடத்துக்கும் மேலான கணக்கு இருக்கிறது. சங்கப் பாடல்களுக்குத் தொகுத்தவர் என்று ஒருவர், தொகுப்பித்தவர் என்று ஒருவர். எங்கள் மொழியில் சொன்னால் எடிட்டர், தயாரிப்பாளர். அகநானூற்றைத் தொகுத்தவர் உருத்திரசன்மர், தொகுப்பித்தவன் பாண்டியன் உக்கிரப்பெருவழுதி. நற்றிணைக்கோ தொகுப்பித்த பாண்டியன் மாறன் வழுதியின் பெயர் மட்டும் நிற்கிறது, தொகுத்தவர் பெயர் காணோம். தயாரிப்பாளர் பெயரைப் பெரிதாகப் போட்டு எடிட்டர் பெயரை மறந்துபோவது அன்றைக்கே தொடங்கிவிட்டது.

ஜூன் 10, காலை 9.40

தமிழாசிரியர் ஒருவர் தனிச் செய்தியில் காதைத் திருகிவிட்டார். குறுந்தொகையில் நிலைமை தலைகீழாம். தொகுத்த பூரிக்கோவின் பெயர் இருக்கிறது, தொகுப்பித்தவர் பெயர்தான் இல்லை. சரி ஐயா, ஒன்றுக்கு ஒன்று சரியாகிவிட்டது. வாபஸ்.

ஜூன் 10, மாலை 4.00

இப்போது விஷயத்துக்கு வருகிறேன்.

35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஒரு அடிக்கு 16 பிரேம், அதாவது 16 தனித்தனிப் படம். ஒரு நொடிக்கு 24 பிரேம். அப்படியானால் ஒரு நொடி என்பது ஒன்றரை அடி, அதாவது சரியாக ஒரு முழம். அரை நொடி ஒரு சாண். நான் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம் என் ஆசிரியர் சொல்லிக்கொடுத்த ஒரே பாடம் இதுதான். அவர் பிரேம் எண்ணிப் பார்த்ததே இல்லை. முழங்கையிலிருந்து நடுவிரல் நுனிவரை பிலிமை நீட்டிப் பிடிப்பார். "ஒரு நொடி பார்க்கிறாள், சாண் குறை" என்பார். வடபழனிக் கோயில் வாசலில் பூக்காரி முழம் போடுவதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இன்றைக்கும் நொடிதான் நினைவுக்கு வரும். அவள் முழம் எப்போதும் இருபது பிரேமைத் தாண்டாது.

ஆயிரம் அடி ரீல் பதினோரு நிமிடம் ஓடும். இரண்டரை மணி நேரப் படம் பதின்மூன்று ரீல் சொச்சம். அதை எடுக்கச் செலவான பிலிம் அதைப்போல் பல மடங்கு. நெகட்டிவிலிருந்து போட்ட பாசிட்டிவ் பிரதிதான் எங்கள் கைக்கு வரும். அதைத்தான் வெட்டுவோம், ஒட்டுவோம், மறுபடி பிரிப்போம். எல்லாம் முடிவான பிறகு பிலிம் விளிம்பில் இருக்கும் எண்களை வைத்து நெகட்டிவ் கட்டிங், அதாவது மூல நெகட்டிவையே அதே இடங்களில் வெட்டுவது. வெள்ளைப் பருத்திக் கையுறை போட்டுக்கொண்டு நெகட்டிவைத் தொடுவார்கள். அங்கே ஒரு வெட்டு தவறினால் திருத்த வழியில்லை. அந்த அறைக்குள் நாங்கள் சத்தமாகப் பேசக்கூட மாட்டோம்.

ஜூன் 10, இரவு 10.50

மூன்று மாதத்தில் கற்றுக்கொள்ளலாமா என்று கேட்டிருந்தீர்கள். மென்பொருளை மூன்று வாரத்திலேயே கற்கலாம். எனக்கு மூவியோலாவை, பிலிமை ஓட்டிப் பார்க்கும் எடிட்டிங் இயந்திரத்தை, கற்க இரண்டு நாள் ஆனது. கால் மிதியில் வைத்தால் ஓடும், எடுத்தால் நிற்கும், தையல் இயந்திரம் மாதிரி.

முதல் ஒன்றரை வருடம் நான் ஒரு வெட்டும் வெட்டவில்லை. செய்த வேலைகள்: அறை கூட்டுவது, ரீல் சுற்றுவது, கிளாப் அடித்த பிரேமையும் 'டக்' சத்தத்தையும் நேர் வைப்பது, துண்டுகளுக்கு எண் எழுதுவது, டீ வாங்குவது. மாதம் 150 ரூபாய், வந்தால் உண்டு.

எடிட்டிங் மேசைப் பக்கத்தில் துணி கட்டிய பெட்டி ஒன்று இருக்கும். மேலே குறுக்குச் சட்டத்தில் ஆணிகள் வரிசையாக. வெட்டிய துண்டு ஒவ்வொன்றும் அதன் ஆணியில் தொங்கும், வால் பெட்டிக்குள் விழும். எந்தக் காட்சி, எந்த ஷாட், எத்தனையாவது டேக் என்று மெழுகு பென்சிலால் குறிக்க வேண்டும். 1987 மழைக்காலம். தாயாக நடித்தவரின் குளோசப்பிலிருந்து எட்டு பிரேம் கழிக்கப்பட்டிருந்தது. நள்ளிரவுக்கு மேல் இயக்குநர் வந்து, அதைத் திரும்பச் சேருங்கள் என்றார். ஆணியில் இல்லை. பெட்டியைக் கவிழ்த்தேன். குப்பைக் கூடையைக் கவிழ்த்தேன். இயக்குநர் எதிரில் உட்கார்ந்து சிகரெட் பிடித்துக்கொண்டிருக்கிறார் (பிலிம் இருக்கும் அறையில்!). ஆசிரியர் ஒரு வார்த்தை பேசவில்லை. மூன்று மணிக்கு மேல் சிறுநீர் கழிக்கப் போனவன் மடித்துக் கட்டிய லுங்கியை இறக்கினேன். மடிப்புக்குள்ளிருந்து அம்மா விழுந்தாள்.

ஜூன் 11, காலை 7.05

தூக்கத்தில் திருத்தம் வந்தது. எட்டு பிரேம் இல்லை, பதினொன்று. அன்று ஆசிரியர் அந்தத் துண்டை வாங்கிக் கையில் விரித்துப் பார்த்து, "சாணுக்கு ஒரு விரல் குறைவு" என்றது நன்றாக நினைவிருக்கிறது.

இதை எழுதும்போதுதான் எனக்கே உறைக்கிறது. பழைய அளவையில் பன்னிரண்டு விரல் ஒரு சாண், இருபத்துநான்கு விரல் ஒரு முழம். அப்படியானால் ஒரு பிரேம் என்பது ஒரு விரற்கடை. நேற்று நான் அவர் பிரேம் எண்ணவில்லை என்று எழுதியது தவறு. எண்ணித்தான் இருக்கிறார், விரலால். முப்பத்தாறு வருடம் கழித்து இது தெரிகிறது. அவர் இருந்திருந்தால் போன் போட்டிருப்பேன்.

ஜூன் 11, பகல் 1.30

நேற்று ஒருவர் கேட்டார்: ஒன்றரை வருடம் டீ வாங்கிக் கொடுத்து என்ன கற்றீர்கள்?

குதிகால். மூவியோலாவில் ஆசிரியர் காட்சியை ஓட்டும்போது நான் பின்னால் ஸ்டூலில் உட்கார்ந்திருப்பேன். திரை சின்னது. அவர் தலை மறைக்கும். எனக்குத் தெரிந்ததெல்லாம் மிதியில் இருந்த அவருடைய பாதம். ஷாட் ஓடிக்கொண்டே இருக்கும், ஓரிடத்தில் குதிகால் மெல்ல எழும்பும். அங்கே நிறுத்தி மெழுகு பென்சிலால் கோடு போடுவார். பின்னால் சுற்றி மறுபடி ஓட்டுவார். மறுபடி அதே இடத்தில் எழும்பினால் வெட்டுவார். இடம் மாறினால் வெட்டமாட்டார், காபி குடிக்கப் போய்விடுவார். சில மாதங்களில் என் குதிகாலும் ஸ்டூலுக்கு அடியில் எழும்பத் தொடங்கியது. முதலில் அவருக்குப் பின்னால், பிறகு அவரோடு. ஒரு முறை அவருக்கு முன்னால் எழும்பிவிட்டது. அவர் திரும்பிப் பார்த்தார். எப்படித் தெரிந்ததோ! அடுத்த வாரம் ஒரு சண்டைக் காட்சியை என்னிடம் கொடுத்தார்.

ஜூன் 11, பகல் 2.10

சண்டைக் காட்சி இல்லை, பாட்டு. சண்டை அதற்கடுத்த படம். பாட்டுதான் சுலபம், தாளம் வெட்டைச் சொல்லிக்கொடுக்கும். புதியவன் கையில் யாராவது சண்டையைக் கொடுப்பார்களா?

ஜூன் 12, இரவு 9.30

"எடிட்டர் எவ்வளவு நாள்தான் இருட்டறையில் இருப்பார், இயக்குநராக முடியாதா?" என்று இன்னொரு கேள்வி. அந்த அறையிலிருந்துதான் நம் இயக்குநர்கள் பலர் வந்தார்கள். 'பராசக்தி'யில் படத்தொகுப்பு 'பஞ்சாபி' என்று இருக்கும். நான் சிறுவயதில் யாரோ வடக்கத்திக்காரர் என்று நினைத்தேன். அது அந்தப் படத்தை இயக்கிய கிருஷ்ணன்-பஞ்சு இரட்டையரில் பஞ்சுவின் புனைபெயர். அவர்களிடம் உதவி எடிட்டராகத் தொடங்கியவர் ஏ. பீம்சிங். பீம்சிங்கின் மகன் பி. லெனின். அவரும் வி.டி. விஜயனும் சேர்ந்து 'காதலன்' படத்துக்குத் தேசிய விருது வாங்கினார்கள். லெனின் பிறகு இயக்கத்துக்கும் தனியாக ஒன்று வாங்கினார். எஸ்.பி. முத்துராமன் ஏவி.எம். எடிட்டிங் பிரிவில் தொடங்கியவர். வங்கத்தில் பிமல் ராயின் எடிட்டராக இருந்தவர் ரிஷிகேஷ் முகர்ஜி. லண்டனில் டேவிட் லீன்.

எனக்கும் ஆசை இருந்தது. 1993இல் ஒரு கதை எழுதி மூன்று பேரிடம் சொன்னேன். மூவருமே கதையில் நீளம் அதிகம் என்றார்கள். எடிட்டரிடம்!

ஜூன் 13, காலை 8.00

பெண்களுக்கு ஒத்துவருமா என்று கேள்வியிலேயே ஓரமாக ஒரு வரி இருந்தது. அதைத் தாண்டிப் போய்விட்டேன். தொடக்க கால ஹாலிவுட்டில் இது தையல் வேலை மாதிரி என்று சொல்லிப் பெண்களிடம்தான் கொடுத்தார்கள். 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா'வில் நாயகன் எரியும் தீக்குச்சியை ஊதி அணைப்பான், உடனே பாலைவனத்தில் சூரியன் எழும். அதைத் தொகுத்தவர் ஆன் வி. கோட்ஸ், அதற்கு முன் செவிலியராக இருந்தவர். அங்கே டிசால்வ் என்றுதான் எழுதியிருந்தார்கள். ஒன்று கரைந்து மற்றொன்று எழும் அந்த மாயத்தைப் பிறகு லேபில்தான் செய்ய முடியும். எடிட்டிங் பிரதியில் இரண்டு ஷாட்டும் நேராக ஒட்டியிருக்கும், மேலே பென்சில் கோடு மட்டும். அதைத் திரையிட்டுப் பார்த்தவர்கள் நேர்வெட்டே நன்றாக இருக்கிறது என்று விட்டுவிட்டார்கள். 1963இல் அவருக்கு ஆஸ்கர். எண்பது வயதைத் தாண்டியும் படம் தொகுத்தார். இங்கே ரேணு சலூஜா, பூனாவில் படித்து வந்து பம்பாயில் ஒரு தலைமுறைப் படங்களுக்கு நடை கற்றுக்கொடுத்தவர். 2000இல் காலமானார்.

இதெல்லாம் பெருமைக்கு. உண்மையைச் சொல்ல வேண்டுமானால் எங்கள் அறையில் பத்து வருடத்தில் ஒரு பெண்கூட உதவியாளராக இருந்ததில்லை. காரணம் குதிகால் எழும்பாததா? அந்தக் கட்டடத்தில் ஒரே கழிப்பறை, அதற்குத் தாழ்ப்பாள் கிடையாது. வேலை முடிவது அதிகாலை இரண்டு மணி. வீட்டுக்குப் போக வண்டி கிடையாது. தேவையான கேள்வி இதுதான்: சேரும் இடத்தில் தாழ்ப்பாள் இருக்கிறதா, இரவு வண்டி தருகிறார்களா. இதை முதல் நாளே கேட்கச் சொல்லுங்கள்.

ஜூன் 14, இரவு 11.45

தொலைக்காட்சி.

1996இல் போனேன். கல்யாணம் ஆகியிருந்தது, வாடகை வாசலில் நின்றது. சினிமாவில் கடைசியாகச் செய்த படத்தின் பாதிச் சம்பளம் இன்றுவரை பாக்கி. தயாரிப்பாளரின் பெயர் எதற்கு? அவரும் நொடித்துப்போனார்.

அங்கே பிலிம் கிடையாது, பீட்டாகேம் என்ற வீடியோ நாடா. வெட்டவும் முடியாது, ஒட்டவும் முடியாது. ஒரு இயந்திரத்தில் ஓடுவதை இன்னொன்றில் பதிவு செய்துகொண்டே போக வேண்டும், வரிசையாக. நான்காவது நிமிடத்தில் ஐந்து நொடி குறை என்று யாராவது சொன்னால் அங்கிருந்து கடைசிவரை மறுபடி பதிய வேண்டும், இல்லையென்றால் பிரதியிலிருந்து பிரதி எடுத்துப் படம் மங்க வேண்டும். பிலிமில் நான் விரலால் செய்ததை இங்கே மன்றாடித்தான் செய்தேன்.

நொடிக்கு 25 பிரேம் வேறு. என் முழமே போயிற்று! 24இல் எடுத்த சினிமாவை 25இல் ஓட்டினால் இரண்டரை மணி நேரப் படம் 144 நிமிடத்தில் முடிந்துவிடும். பாட்டின் சுருதியும் கொஞ்சம் ஏறும். வயலின் வாசிக்கும் நண்பர் ஒருவர் பழைய படங்களைத் தொலைக்காட்சியில் கேட்கவே மாட்டார், பல் கூசுகிறது என்பார்.

பிறகு அவிட் என்ற எடிட்டிங் மென்பொருள் வந்தது. கணினியில் ஆறாவது நிமிடத்தை எடுத்து முதலில் வைக்கலாம், பிடிக்கவில்லையென்றால் ஒரு பொத்தானில் பழையபடி. முதல் நாள் நான் அழாத குறை. 1997இல் வால்டர் மர்ச் 'தி இங்கிலீஷ் பேஷண்ட்'டுக்கு ஆஸ்கர் வாங்கினார். கணினியில் தொகுத்த படத்துக்குக் கிடைத்த முதல் படத்தொகுப்பு ஆஸ்கர் அது. அவர் நின்றுகொண்டேதான் எடிட் செய்வார். உட்கார்ந்தே செய்த என் முதுகு இப்போது அவர் பக்கம் பேசுகிறது.

ஜூன் 15, காலை 6.40

நேற்று விட்ட இடம். தினசரித் தொடர். அரை மணி நேர இடத்தில் விளம்பரம் போக 22 நிமிடம் நிரப்ப வேண்டும். படப்பிடிப்பிலிருந்து சில நாள் 17 நிமிடத்துக்கான சரக்குதான் வரும். மாலை ஒளிபரப்பு, காலை பத்து மணிக்கு நாடா வருகிறது. மீதி ஐந்து நிமிடம் எங்கிருந்து வரும்? மாமியார் ஒரு வாக்கியம் சொல்வார். மருமகள் திடுக்கிடுவாள். கணவன் திடுக்கிடுவான். வேலைக்காரி திடுக்கிடுவாள். மறுபடி மருமகள், இந்த முறை இன்னும் நெருக்கமாக. நீங்கள் கேலி செய்கிற அந்த முழிப்புகளில் பாதி என் கைவேலை. மன்னிப்புக் கேட்கிறேன்.

முழிப்பு போதாதபோது திருடுவோம். 'ஆக்‌ஷன்' சொல்வதற்கு முன் நடிகை சும்மா நின்றுகொண்டு எதையோ பார்க்கும் இரண்டு நொடி இருக்கும். சாப்பாடு வந்துவிட்டதா என்று பார்த்திருப்பார். அதை எடுத்துக் கணவன் இறந்த செய்திக்குப் பிறகு வைத்தேன். எல்லோரும் அந்த நடிப்பைப் புகழ்ந்தார்கள். நடிகையே போன் செய்து, இதை எப்போது எடுத்தோம் என்று கேட்டார். இன்னொரு முறை மூன்று வாரத்துக்கு முந்தைய பகுதியிலிருந்து ஒரு பார்வையை எடுத்தேன். ஜிமிக்கி, தோடாக மாறிவிட்டது. கும்பகோணத்திலிருந்து ஒரு அம்மாள் அஞ்சலட்டை போட்டிருந்தார்: 'துக்க வீட்டில் எதற்குத் தோட்டை மாற்றினாள்?'

ஜூன் 15, இரவு 10.00

மர்ச் ஒரு கணக்குப் போட்டிருக்கிறார். 'அபோகலிப்ஸ் நவ்' படத்துக்கு 230 மணி நேரத்துக்கும் மேல் காட்சிகள் இருந்தன. அதைத் தொகுக்க ஆன காலத்தையும் ஆட்களையும் கடைசிப் படத்தில் இருக்கும் வெட்டுகளையும் வகுத்துப் பார்த்தால், ஒரு எடிட்டருக்கு ஒரு நாளைக்கு 1.47 வெட்டு. நான் சாயங்காலத்துக்குள் முன்னூறு போடுவேன். அவர் ஒன்றரை வெட்டுக்குச் செலவழித்த நாள் முழுக்க வெட்டாமல் பார்த்துக்கொண்டிருந்ததும் கணக்கில் சேர்த்திதான். எனக்குத் தொலைக்காட்சி எடுத்துக்கொண்டது அந்தப் பார்க்கும் நேரத்தைத்தான். சம்பளம் மாதா மாதம் வந்தது, அதையும் சொல்லிவிட வேண்டும்.

ஜூன் 17, பகல் 12.20

இரண்டு நாளாக ஒன்று உறுத்துகிறது. குதிகால், ஸ்டூல் என்று உருகி உருகி எழுதிவிட்டேன். படிப்பவர்களுக்கு அந்தக் காலம் பொற்காலம் என்று தோன்றும். என்னோடு சேர்ந்து ஸ்டூலில் உட்கார்ந்தவன் ஒருவன் இருந்தான், திண்டிவனத்துக்காரன். என்னைவிடக் கூர்மையான கண். நான்கு வருடம் ரீல் சுற்றினான். 150 ரூபாயில் தாக்குப்பிடிக்க முடியாமல் ஊருக்குப் போய் உரக்கடை வைத்தான். அவனுடைய குதிகால் எழும்பியதை ஆசிரியர் பார்த்ததே இல்லை. என் அப்பா மாதா மாதம் மணியார்டர் அனுப்பியதால் நான் உட்கார்ந்திருந்தேன். முதலிலேயே இதை எழுதியிருக்க வேண்டும்.

இன்றைக்கு அந்தப் பெண் மடிக்கணினியில் மூன்று மாதத்தில் தொடங்கிவிடலாம். எவனுக்கும் டீ வாங்க வேண்டாம். ஆனால் எடிட்டருக்குப் பின்னால் ஸ்டூல் இல்லை. அவர் ஒரு ஊரில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு இருக்கிறார், உதவியாளர் இன்னொரு ஊரிலிருந்து கோப்புகளை அனுப்புகிறார். யாருடைய காலும் யாருக்கும் தெரியாது. ஸ்டூலும் வேண்டும், பசியும் கூடாது. எனக்கு இதற்கு வழி தெரியவில்லை. பூனாவிலோ தரமணியிலோ திரைப்படக் கல்லூரியில் இடம் கிடைத்தால் ஓரளவு உண்டு.

கணினியே செய்துவிடுமா என்றால், முழிப்புகளைச் செய்துவிடும். அந்த வேலை போனால் நான் அழமாட்டேன்.

ஜூன் 17, பகல் 12.50

கேள்வி கேட்டவருக்கு: உங்கள் குடும்பத்தில் யாருடைய கல்யாண வீடியோவாவது இருக்கும், மூன்று மணி நேரம் முழுசாக. அதை அக்கா மகளிடம் கொடுத்து 12 நிமிடமாக்கச் சொல்லுங்கள். சினிமாப் பாட்டு போடக் கூடாது, மெதுவோட்டம் கூடாது. எனக்கு அனுப்புங்கள்.

ஜூலை 8, இரவு 10.30

வந்தது. பார்த்தேன், இரண்டு முறை.

தாலி கட்டுவதை அவள் காட்டவே இல்லை. நாதஸ்வரம் உச்சத்துக்குப் போகிறது, எல்லோரும் அட்சதை போடக் கை ஓங்குகிறார்கள், வெட்டு: பந்தியில் பெண்ணின் அப்பா காலி நாற்காலிகளை எண்ணுகிறார். உதடு அசைகிறது. பின்னால் கெட்டிமேளம் ஓடிக்கொண்டே இருக்கிறது. எண்ணி முடித்து ஒரு முறை மண்டபத்தின் பக்கம் பார்க்கிறார், மறுபடி முதலிலிருந்து எண்ணுகிறார். வீடியோக்காரர் கேமராவை அணைக்க மறந்து நடந்தபோது பதிவானதாக இருக்க வேண்டும்.

மீதி பதினொரு நிமிடத்தில் தவறுகள் உண்டு, பட்டியல் அனுப்பியிருக்கிறேன். இந்த ஷாட்டைப் பற்றி மட்டும், முடிவில் எட்டு விரல் குறைக்கலாம் என்று எழுதினேன்.

ஜூலை 9, காலை 7.15

பதில் வந்திருக்கிறது. விரல் என்றால் என்ன என்று அவள் கேட்கவில்லை, மேலே எல்லாவற்றையும் படித்திருக்கிறாள். பட்டியலில் மற்றதையெல்லாம் திருத்திவிட்டாளாம். அந்த எட்டு விரலைக் குறைக்க மாட்டாளாம்.